தற்காலிகத் தொழிலாளிக்குக் கிராஜுவிட்டி உண்டா? வேலைநிறுத்தமா, மனுவா?

கேள்வி: என் அம்மா பந்தலூர் பக்கம் ஒரு தனியார் தேயிலை எஸ்டேட்டில் 14 ஆண்டுகளாகக் கொழுந்து பறிக்கிறார். இன்றுவரை தற்காலிகத் தொழிலாளிதான். ஆண்டுதோறும் பனிக்காலத்தில் இரண்டு வாரம் நிறுத்திவிட்டு மறுபடி சேர்த்துக்கொள்வார்கள். சில மாதங்களில் வயது வரம்பு முடிந்து நிற்கப்போகிறார். "தற்காலிகத்துக்குக் கிராஜுவிட்டி கிடையாது, எஸ்டேட் தந்த லைன் வீட்டையும் விட்டுவிட வேண்டும்" என்று ஆபீசில் சொல்லிவிட்டார்கள். சங்கத்தில் கேட்டால், "தாத்தா காலத்திலிருந்து எல்லாம் போராடித்தான் வாங்கியிருக்கிறோம், வேலைநிறுத்தம்தான் வழி" என்கிறார்கள். மாமாவோ, மனு எழுதிப் போட்டால் போதும் என்கிறார். எது சரி? வேலைநிறுத்தத்தில் சேர்ந்தால் அம்மாவின் சர்வீஸ் முறிந்துவிடுமா?

பதில்: முதலில் பணத்தைப் பேசிவிடுவோம். உங்கள் தாயாருக்குக் கிராஜுவிட்டி, அதாவது வேலையை விடும்போது எஸ்டேட் தர வேண்டிய பணிக்கொடை, உண்டு. நிரந்தரம், தற்காலிகம் என்ற பிரிவினை 1972-ஆம் ஆண்டின் பணிக்கொடைச் சட்டத்தில் இல்லை. அந்தச் சட்டத்தின் இடத்தில், 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்த சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டத்திலும் இல்லை. ஐந்து ஆண்டுத் தொடர் பணி இருந்தால் போதும். கணக்கும் எளிது: கடைசியாக வாங்கிய நாள் கூலி, அதைப் பதினைந்தால் பெருக்கி, பணி ஆண்டுகளால் பெருக்க வேண்டும். நாள் கூலி 400 ரூபாய் என்று வைத்துக்கொண்டால் 14 ஆண்டுக்கு 84,000 ரூபாய். கிலோக் கணக்கில் கூலி வாங்குகிறவராக இருந்தால், கடைசி மூன்று மாதச் சம்பளத்தின் சராசரியிலிருந்து நாள் கூலி பிடிப்பார்கள். வேலையை விட்ட 30 நாட்களுக்குள் பணம் கைக்கு வர வேண்டும். தாமதித்தால் வட்டியோடு வர வேண்டும். விண்ணப்பம் கொடுத்தாலும் கொடுக்காவிட்டாலும் தொகையைக் கணக்கிட்டுச் சொல்வது எஸ்டேட்டின் கடமை.

இனி அந்த இரண்டு வார நிறுத்தம். பனி இறங்கிக் கொழுந்து குறையும் மாதங்களில் இப்படி நிறுத்துவதற்கு ஆபீசில் ஆயிரம் காரணம் சொல்வார்கள். சட்டம் பார்ப்பது ஒன்றைத்தான்: வேலை நின்றது தொழிலாளியின் தவறாலா? இல்லையென்றால் அந்த இடைவெளி தொடர் பணியை முறிக்காது. உடல்நலக் குறைவு, விபத்து, விடுப்பு, வேலை இல்லாமல் தற்காலிகமாக நிறுத்திவைத்த நாட்கள் (லே-ஆஃப்), கதவடைப்பு ஆகியவற்றோடு வேலைநிறுத்தத்தையும் அதே பட்டியலில் சட்டம் வெளிப்படையாகச் சேர்த்திருக்கிறது. ஆகவே, வேலைநிறுத்தத்தில் சேர்ந்ததற்காக உங்கள் தாயாரின் கிராஜுவிட்டி சர்வீஸ் முறியாது. ஏதாவது ஓர் ஆண்டில் இதையும் மீறித் தகராறு வந்தால், அந்தப் பன்னிரண்டு மாதத்தில் 240 நாள் வேலை செய்திருந்தாலே முழு ஆண்டாகக் கொள்ள வேண்டும் என்ற இன்னொரு வழியும் இருக்கிறது.

வேலைநிறுத்த நாளும் சர்வீசில் சேரும் என்பது இன்று சாதாரணமாகத் தெரியலாம். இதே நீலகிரி மலையில் வேலைக்கு வராமல் இருப்பதே ஜெயில் குற்றமாக இருந்த காலம் உண்டு. 1859-ஆம் ஆண்டின் ஒப்பந்த மீறல் சட்டப்படி, முன்பணம் வாங்கியவர் வேலையை விட்டுப் போனால் மாஜிஸ்திரேட் அவரை மூன்று மாதம் வரை கடுங்காவலில் வைக்கலாம். அதுவும் போதாதென்று, 1903-இல் சென்னை மாகாணத்தில் தோட்ட முதலாளிகளுக்கென்றே தனிச் சட்டம் வந்தது. சமவெளியில் ஆள் சேர்க்கும் கங்காணியோ மேஸ்திரியோ கொடுத்த முன்பணம்தான் சங்கிலி. அந்தக் கடன் எப்போதும் தீராத கணக்காகவே இருக்கும். இராத்திரியோடு இராத்திரியாக மலையிறங்கி ஓடிப்போவதுதான் அன்றைக்கு இருந்த போராட்டம். 1859 சட்டம் நீக்கப்பட்டு, அந்த நீக்கம் அமலுக்கு வந்தது 1926-இல். தொழிற்சங்கச் சட்டம் வந்ததும் அதே ஆண்டுதான். இன்று குன்னூரில் தலைமையிடம் வைத்திருக்கும் தோட்ட முதலாளிகள் சங்கமான உபாசி தொடங்கப்பட்டது 1893-இல். முதலாளிகள் ஒன்றுகூடியதற்கும், தொழிலாளர்கள் ஒன்றுகூடுவதைச் சட்டம் ஏற்றுக்கொண்டதற்கும் இடையே 33 ஆண்டுகள்.

"தாத்தா காலத்திலிருந்து" என்று சங்கத்தில் சொன்னதை நான் குறைத்துப் பேச மாட்டேன். கூடலூர், பந்தலூர், கோத்தகிரிப் பகுதிகளில் இருக்கும் தோட்டக் குடும்பங்களில் பல, 1964-இல் சிறிமாவோ - சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தானதைத் தொடர்ந்து இலங்கையிலிருந்து வந்தவை. அந்த ஒப்பந்தத்தில் இந்தியா ஏற்றுக்கொண்டவர்களின் எண்ணிக்கை 5,25,000. அரசுத் தேயிலைத் தோட்டங்கள் 1968-இல் தொடங்கப்பட்டதே அவர்களுக்கு வேலை கொடுக்கத்தான். அவர்கள் வெறுங்கையோடு வந்திருக்கலாம், சங்க அனுபவம் இல்லாமல் வரவில்லை. கண்டிப் பக்கம் முல்லோயா தோட்டத்தில் 1940 ஜனவரியில் கூலி உயர்வு கேட்டு நடந்த போராட்டத்தில் போலீஸ் சுட்டு இறந்த கோவிந்தனின் பெயரைச் சொல்லக்கூடிய பெரியவர்கள் இந்தப் பக்கத்தில் இருந்திருக்கிறார்கள்.

கம்பளி, பிள்ளைக் காப்பகம், எஸ்டேட் ஆஸ்பத்திரி, வீடு என்று துரை மனமிரங்கிக் கொடுத்ததுபோல் சிலர் இன்றும் பேசுவார்கள். எல்லாம் 1951-இன் தோட்டத் தொழிலாளர் சட்டம் கட்டாயமாக்கியவை. அச்சட்டம் நடைமுறைக்கு வந்தது 1954 ஏப்ரல் 1-இல். அதன் சாரம் இப்போது தொழில் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டத்துக்குள் போயிருக்கிறது.

ஆனால் உங்கள் கேள்விக்கு என் விடை இதுதான்: கூலி விகிதமும் போனஸும் கூட்டத்தால் வரும், தனி ஒருவரின் பணிக்காலத்துக்கான பணம் தாளால், அதாவது எழுத்து ஆதாரத்தால்தான் வரும். சங்கத்தில் உள்ளவர்கள் முதலாவதை நன்கு அறிந்தவர்கள், இரண்டாவதில் அசட்டை. மாமா சொல்வது உங்கள் தாயாரின் பணத்துக்குப் பொருந்தும். ஆனால் எஸ்டேட்டில் இருக்கும் எல்லாத் தற்காலிகத் தொழிலாளர்களையும் நிரந்தரமாக்க ஒரு மனு போதாது.

மூணாறில் 2015 செப்டம்பரில் நடந்ததைப் பாருங்கள். நிர்வாகம் போனஸை 10 சதவீதமாகக் குறைத்தபோது, தமிழ் பேசும் கொழுந்து பறிக்கும் பெண்கள் சங்கத் தலைவர்களையே ஒதுக்கி வைத்துவிட்டுச் சாலையில் உட்கார்ந்தார்கள். ஒன்பது நாளில் போனஸ் 8.33, கருணைத்தொகை 11.67 என்று 20 சதவீதம் வந்தது. கூலிக்காக அடுத்து நடந்த போராட்டத்தில் 232 ரூபாய் 301 ஆனது. 'பெண்கள் ஒற்றுமை' என்ற பொருளில் 'பெம்பிளை ஒருமை' என்று அவர்களுக்குப் பெயர் வந்தது. எந்த மனுவும் இதைச் செய்திருக்காது. 1999 ஜூலை 23-ஐயும் மறக்க முடியாது: மாஞ்சோலைத் தோட்டத் தொழிலாளர்களின் கூலிக்காகத் திருநெல்வேலியில் நடந்த ஊர்வலத்தில் போலீஸ் தடியடிக்குத் தப்பித் தாமிரபரணியில் இறங்கியவர்களில் 17 பேர் இறந்தார்கள். போராட்டத்துக்குக் கொடுக்கும் விலை எப்போதும் சம்பள வெட்டோடு முடிவதில்லை.

இன்றைய சட்டத்தில் ஒரு கண்ணி இருக்கிறது, சங்கத்துக்கும் சொல்லுங்கள். புதிய தொழில் உறவுத் தொகுப்புச் சட்டப்படி எந்தத் தொழில் நிறுவனத்திலும் வேலைநிறுத்தத்துக்கு 14 நாள் முன்னறிவிப்பு கொடுக்க வேண்டும். பாதிப் பேர் ஒரே நாளில் தற்செயல் விடுப்பு எடுத்தாலும் அது வேலைநிறுத்தமே. முன்னறிவிப்பில்லாமல் பத்துப் பேரோ அதற்கு மேலோ கூடி வேலைக்கு வராமல் இருந்தால் எட்டு நாள் கூலி வரை பிடிக்கலாம். உணர்ச்சிவசப்பட்டு மறுநாள் காலையிலேயே தேயிலைக் காட்டுக்குப் போகாமல் இருந்துவிடுவது இப்போது எஸ்டேட்டுக்குத்தான் லாபம்.

கொடைக்கானல் தெர்மாமீட்டர் ஆலையில் பாதரசத்தோடு வேலை செய்தவர்களின் வழக்கு வேறொரு பாடம். ஆலை மூடப்பட்டது 2001-இல். 591 முன்னாள் தொழிலாளர்களுக்கான உடன்பாடு வந்தது 2016 மார்ச்சில். தங்கள் உடல்நலத்துக்கு ஆலையால் கேடு வந்தது என்று தொழிலாளர்கள் சொல்ல, அப்படி எதுவும் நேரவில்லை என்று நிறுவனம் சொல்ல, பதினைந்து ஆண்டு ஓடியது. ஊர்வலமும் ஆர்ப்பாட்டமும் அந்தப் பிரச்சினையை உலகம் முழுக்கக் கொண்டுபோயின. ஆனால் யார் எந்தப் பிரிவில், எத்தனை ஆண்டு, என்ன உடல்நிலையில் இருந்தார் என்பதைக் கோஷத்தால் நிரூபிக்க முடியாது.

ஆகவே தாள்கள். இன்று மாலையே அம்மாவின் தகரப் பெட்டியைத் திறந்து பாருங்கள். வருகையும் கூலியும் பதியும் செக்ரோல் எஸ்டேட் ஆபீசில் இருக்கும், அது உங்கள் கைக்கு எளிதில் வராது. ஆனால் அதன் நிழல் பல இடங்களில் விழுந்திருக்கும். சம்பளச் சீட்டு, கூலி ஏறிய வங்கிப் பாஸ்புக், கிலோ எழுதி மேஸ்திரி கையெழுத்துப் போட்ட சிறிய நோட்டு, எஸ்டேட் ஆஸ்பத்திரிச் சீட்டு, போனஸ் வாங்கிய ரசீது எல்லாமே சாட்சி. மழையில் நனைந்து மை பரவிய நோட்டாக இருந்தாலும் தூக்கிப் போடாதீர்கள். ஒரு மாதத்தின் எடைக் கணக்கு அந்த மாதம் அவர் வேலையில் இருந்ததற்கு நேரடிச் சான்று.

எல்லாவற்றிலும் வலுவானது வருங்கால வைப்பு நிதிப் (பிஎஃப்) பாஸ்புக். அதில் மாதாமாதம் எஸ்டேட்டே தன் பெயரில் பணம் கட்டிய பதிவு இருக்கும். அதை அவர்களே மறுக்க முடியாது. ஒவ்வொரு நிறுத்தத்துக்குப் பிறகும் புது எண் கொடுத்திருக்கிறார்களா என்று பாருங்கள். ஒரே எஸ்டேட்டில் ஒரே ஆளுக்கு நான்கு பிஎஃப் எண்கள் இருப்பதை நான் பார்த்திருக்கிறேன். தொழிலாளிக்கு அது தலைவலிதான் என்றாலும், செயற்கையாக சர்வீசை முறிக்கிறார்கள் என்பதற்கு அதைவிட நல்ல ஆதாரம் கிடையாது. பழைய எண்கள் தெரியாவிட்டால் தகவல் உரிமைச் சட்டப்படி பிஎஃப் அலுவலகத்தில் கேளுங்கள், 30 நாளில் பதில் தர வேண்டும். தனியார் எஸ்டேட்டிடம் இச்சட்டப்படி நேரடியாகக் கேட்க முடியாது. அரசுத் தோட்டமாக இருந்தால் முடியும்.

பெயரையும் சரிபாருங்கள். செக்ரோலில் முத்தம்மா, ஆதாரில் முத்தம்மாள், பிஎஃபில் முத்துலட்சுமி என்று மூன்று பெண்மணிகள் உருவாகிவிடுவது எஸ்டேட்டுகளில் சகஜம். பணம் வரும் நாளில் இதுதான் முதல் தடையாக நிற்கும். வேலையில் இருக்கும்போதே திருத்துவது எளிது, ஏனென்றால் பிஎஃப் திருத்தத்துக்கு எஸ்டேட்டின் ஒப்புதல் தேவைப்படலாம்.

இதோடு இன்னொன்று. தமிழ்நாட்டில் 1981-ஆம் ஆண்டின் நிரந்தரத் தகுதிச் சட்டம் இருக்கிறது. 24 மாதத்தில் 480 நாள் வேலை செய்தவரை நிரந்தரமாக்க வேண்டும் என்கிறது; தேயிலைத் தோட்டங்களும் அதன் வரம்புக்குள் வரும். உங்கள் தாயாருக்கு இது காலம் கடந்த விருந்துதான். ஆனால் அவரோடு மலையேறும் இளைய பெண்களுக்கு இதைவிட முக்கியமான சட்டம் இல்லை. சங்கம் வேலைநிறுத்தம் செய்யத்தான் விரும்புகிறது என்றால், முதல் கோரிக்கையாக இதை வைக்கட்டும். அதற்கு முன் தோட்டங்களுக்கான ஆய்வாளரிடம் பெயர்ப் பட்டியலோடு எழுத்துப் புகார் போகட்டும். புகார் நிலுவையில் இருக்கும் கோரிக்கைக்கு வரும் வேலைநிறுத்தத்தின் எடையே வேறு.

வீட்டு விஷயத்தில் கொஞ்சம் நிதானம் வேண்டும். வீட்டைக் காலி செய்யும்வரை கிராஜுவிட்டியை நிறுத்திவைக்கலாம் என்று பணிக்கொடைச் சட்டத்தில் எங்கும் இல்லை. ஆனாலும் காலக்கெடு தாண்டி வீட்டில் தங்கியவர்களின் வாடகையைக் கிராஜுவிட்டியில் கழிக்க உச்ச நீதிமன்றமே சில வழக்குகளில் இடம் கொடுத்திருக்கிறது. ஆகவே வீட்டைப் பிடித்துக்கொண்டு பேரம் பேசலாம் என்று யாராவது யோசனை சொன்னால் கேட்காதீர்கள். ஓய்வு பெறும் முன்பே, இத்தனை மாத அவகாசம் வேண்டும் என்று எழுதிக் கொடுத்து, நகலில் ஆபீஸ் முத்திரை வாங்குங்கள். முத்திரை போட மறுத்தால் பதிவுத் தபாலில் அனுப்புங்கள்.

கடைசி நாளில் ஒரு தாளை நீட்டி, "கணக்கெல்லாம் தீர்ந்தது" என்பதற்குக் கைநாட்டு கேட்பார்கள். தொகை எழுதாத எந்தத் தாளிலும் வைக்க வேண்டாம். ஏற்கெனவே வைத்துவிட்டிருந்தாலும் பயப்பட வேண்டாம். கிராஜுவிட்டி உரிமையை எந்த ஒப்பந்தத்தாலும் குறைக்க முடியாது.

வேலையை விட்ட 30 நாளுக்குள் எஸ்டேட்டுக்கு எழுத்தில் விண்ணப்பம் கொடுங்கள். மறுத்தாலோ, குறைத்தாலோ, மௌனமாக இருந்தாலோ 90 நாள் முடிவதற்குள் தொழிலாளர் துறையில் கிராஜுவிட்டி வழக்குகளை விசாரிக்கும் அதிகாரியிடம் போய்விடுங்கள். வக்கீல் செலவுக்குப் பயந்து நிற்க வேண்டியதில்லை: பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. ஊட்டியில் மாவட்ட நீதிமன்றத்தில் இருக்கும் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் ஒரு விண்ணப்பம் எழுதிக் கொடுத்தால் போதும். போகும்போது பிஎஃப் பாஸ்புக், ஆதார், வங்கிப் பாஸ்புக், கையில் இருக்கும் சம்பளச் சீட்டுகள், அம்மாவோடு ஒரே நிரையில் வேலை செய்த இரண்டு பேரின் பெயர், இத்தனையையும் எடுத்துக்கொண்டு போங்கள். எத்தனை நாள் வேலை செய்தார் என்பதை முதலில் நிரூபிக்க வேண்டியது தொழிலாளிதான். இவ்வளவையும் மேசையில் வைத்தபிறகு, செக்ரோலைக் கொண்டுவந்து மறுக்க வேண்டிய பாரம் எஸ்டேட்டின் தலையில் விழும்.