கடைசிக் குழாயில் குளோரின் இல்லை: பவுடரைக் கூட்டலாமா?

கேள்வி: எங்கள் ஊராட்சியில் 30,000 லிட்டர் மேல்நிலைத் தொட்டி இருக்கிறது. ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீர். தினமும் காலையில் பிளீச்சிங் பவுடர் போடுகிறோம். தொட்டிக்குப் பக்கத்துத் தெருவில் மருந்து வாடை தாங்கவில்லை என்கிறார்கள். கடைசித் தெருவிலோ வாடையே இல்லை. இந்த மாதம் அங்கே நான்கு வீடுகளில் வயிற்றுப்போக்கு. பவுடரைக் கூட்டினால் சரியாகுமா? மருந்து போட்ட தண்ணீரையும் கொதிக்க வைக்க வேண்டுமா? (வார்டு உறுப்பினர் ஒருவர்)

பதில்: கொதிக்க வைக்கச் சொல்லுங்கள், இன்றைக்கே. கடைசித் தெரு மட்டுமல்ல, அதே குழாயில் தண்ணீர் பிடிக்கும் எல்லா வீடுகளும். தளதளவென்று கொதி வந்து ஒரு நிமிடம் ஆனால் போதும். ஆரம்ப சுகாதார நிலையத்துக்கும் தகவல் சொல்லிவிடுங்கள். ஒரே தெருவில் நான்கு வீடு என்பது சின்ன எண்ணிக்கை இல்லை.

குளோரின் எல்லாக் கிருமியையும் கொன்றுவிடாது என்பதையும் சொல்ல வேண்டும். 1993-இல் அமெரிக்காவின் மில்வாக்கி நகரில் சுத்திகரித்துக் குளோரின் கலந்த குழாய்த் தண்ணீர் வழியாகவே கிரிப்டோஸ்போரிடியம் என்ற ஒட்டுண்ணி பரவி, சுமார் 4 லட்சம் பேர் நோயில் விழுந்தார்கள். அதன் கெட்டியான மேலோட்டைக் குளோரின் துளைக்காது. கொதிநீரில் அது சாகும்.

சரி, பவுடருக்கு வருவோம். உடனே கூட்ட வேண்டாம். தொட்டியில் இருந்த குளோரின் கடைசித் தெருவுக்குள் காணாமல் போகிறது என்றால், வழியில் ஏதோ அதைத் தின்கிறது. குழாயின் உட்சுவரில் படிந்த வழுவழுப்பான கிருமிப்படலமாக இருக்கலாம், அடியில் தங்கிய வண்டலாக இருக்கலாம். சாக்கடை உள்ளே வருவதாகவும் இருக்கலாம். வயிற்றுப்போக்கும் சேர்ந்திருப்பதால் எனக்கு மூன்றாவதன் மேல்தான் சந்தேகம். பவுடரைக் கூட்டினால் முதல் தெருக்காரர்கள் குடிக்க முடியாமல் வேறு கிணற்றைத் தேடிப் போவார்கள். சாக்கடை நுழையும் ஓட்டை அப்படியே இருக்கும்.

தண்ணீர் விடும் நேரத்தில் குழாய்க்குள் அழுத்தம் இருக்கும், வெளி அழுக்கு நுழையாது. நிறுத்திய பிறகு குழாய் காலியாகி உள்ளே உறிஞ்சத் தொடங்கும். அப்போது ஒரு இணைப்பு சாக்கடைக்குள் கிடந்து, அதில் முடியளவு விரிசல் இருந்தாலும் போதும். இதைவிட மோசம், வீட்டு இணைப்பில் நேரடியாக மோட்டார் பொருத்தி இழுப்பது. நான்கு வீட்டில் இழுத்தால் கடைசித் தெருவுக்குத் தண்ணீர் குறைவது ஒரு பக்கம். விரிசல் வழியாகக் கழிவை இழுத்து எல்லோருக்கும் கொடுப்பது மறுபக்கம். அப்புறம், தண்ணீர் ஏறவில்லை என்று பள்ளம் தோண்டிக் குழாயைத் தாழ்த்தி வைத்திருப்பார்கள். மழை பெய்தால் அந்தப் பள்ளத்து நீர் நேராக உள்ளே போகும்.

இடத்தைக் கண்டுபிடிக்க வாடையை நம்பாதீர்கள். கழிவில் உள்ள அம்மோனியாவோடு குளோரின் சேர்ந்தால் வாடை தூக்கலாக இருக்கும், கிருமி கொல்லும் வலு குறைந்திருக்கும். குளோரின் அளவை நிறத்தால் காட்டும் குளோரோஸ்கோப் பெட்டியில் பாருங்கள். அதிலுள்ள சொட்டு மருந்தைத் தண்ணீர் மாதிரியில் விட்ட சில விநாடிகளில் தெரியும் மஞ்சளைத்தான் கணக்கில் எடுக்க வேண்டும். நேரம் போகப் போக ஏறும் நிறம் வலுக்குறைந்த குளோரினுடையது. இளஞ்சிவப்பு நிறம் காட்டும் டிபிடி மாத்திரை கிடைத்தால் அதுவே மேல். தண்ணீர் விட்ட அரை மணி நேரத்தில் தொட்டியிலிருந்து தெருத்தெருவாக அளந்து எழுதுங்கள். ஒரு தெருவில் லிட்டருக்கு 0.5 மில்லிகிராம், அடுத்த தெருவில் பூஜ்யம் என்று வந்தால் அந்த இரண்டுக்கும் நடுவில் தோண்டுங்கள். குடிநீருக்கான இந்தியத் தரம் ஐஎஸ் 10500 கேட்பது லிட்டருக்கு குறைந்தது 0.2 மில்லிகிராம் குளோரின். உங்களுக்கு அது கடைசி வீட்டுக் குழாயில் வர வேண்டும்.

பவுடர் போடும் விதத்தையும் பாருங்கள். முதல் தெருவில் வாடை தாங்கவில்லை என்றால் அநேகமாகப் பவுடரை அப்படியே தொட்டியில் கொட்டுகிறார்கள். லிட்டருக்கு 2 மில்லிகிராம் என்று வைத்தால் 30,000 லிட்டருக்கு 60 கிராம் குளோரின் வேண்டும். 30 சதவீத வலுவுள்ள பவுடர் என்றால் 200 கிராம். மோட்டார் அறையில் வாய் திறந்து கிடக்கும் மூட்டை 20 சதவீதத்துக்கு இறங்கியிருந்தால் 300 கிராம். அதனால் மூட்டையை ஈரம் படாமல், இறுகக் கட்டி வையுங்கள். முகத்தில் துணி, கையில் உறையோடு, பிளாஸ்டிக் வாளியில் பவுடரைக் கொஞ்சம் தண்ணீர் விட்டுக் குழைத்து, பிறகு வாளியை நிரப்பிக் கலக்கி, சுண்ணாம்பு அடியில் தங்க அரை மணி நேரம் விடுங்கள். மேலே தெளிந்த நீரை மட்டும், தொட்டி பாதி நிரம்பும்போது ஊற்றினால் ஏறும் தண்ணீரே கலந்துவிடும். அடிச்சுண்ணாம்பு தொட்டிக்குள் போகக் கூடாது. அது சேர்ந்த இடத்தில்தான் வண்டல் தங்குகிறது. ஊற்றி அரை மணி நேரமாவது கழித்துத்தான் வால்வைத் திறக்க வேண்டும். குளோரினுக்கு வேலை செய்ய நேரம் வேண்டும். தண்ணீரின் பிஎச் (அமில-கார அளவு) 8-க்கு மேல் இருந்தால் வேலை இன்னும் மெதுவாகும், கூடுதல் நேரம் கொடுங்கள்.

உடைப்பை அடைத்த பிறகு கடைசி முனை வால்வைத் திறந்து, கலங்கல் போய்த் தெளிந்த தண்ணீர் வரும்வரை ஓடவிடுங்கள். அந்த முனையில் வால்வே இல்லையென்றால் ஒன்று போடுங்கள். முட்டுச்சந்துக் குழாயில் தேங்கும் நீர்தான் கிருமிப்படலத்துக்கு வீடு. ஜல் ஜீவன் திட்டத்தில் களப்பரிசோதனைப் பயிற்சி பெற்ற பெண்கள் உங்கள் ஊரில் இருந்தால், அவர்களை வைத்து கிருமி இருந்தால் கறுக்கும் எச்2எஸ் பரிசோதனை பாட்டிலில் மாதிரி எடுங்கள். ஒன்றிரண்டு நாளில் கறுத்தால் மாசு இருக்கிறது என்று அர்த்தம். குளோரின் உள்ள மாதிரியில் இது ஏமாற்றலாம் என்பதால், தமிழ்நாடு குடிநீர் வடிகால் வாரியத்தின் மாவட்ட ஆய்வகத்துக்கும் ஒரு மாதிரி அனுப்புங்கள். 100 மில்லியில், மலக்கழிவு கலந்ததைக் காட்டும் ஈ.கோலி கிருமி ஒன்றுகூட இருக்கக் கூடாது. ஈ.கோலி இல்லை என்ற முடிவு வந்து, கடைசிக் குழாயில் குளோரின் மூன்று நாள் விடாமல் 0.2-க்குக் குறையாமல் நின்றால், கொதிக்க வைப்பதை நிறுத்தச் சொல்லலாம்.