ஹங்குல் எழுத்து: 1443-ஆ, 1446-ஆ?

கொரிய மொழியின் எழுத்தான ஹங்குல் உருவான ஆண்டை ஒரு நூல் 1443 என்றும் மற்றொன்று 1446 என்றும் சொல்வதால், எதை எழுதுவது என்று கேட்டிருந்தீர்கள். உங்கள் கட்டுரையில் இரண்டு ஆண்டுகளையும் தரலாம். நீங்கள் படித்த இரு நூல்களும் ஒன்றையொன்று மறுக்கவில்லை. கொரிய மன்னர் செஜோங் 28 எழுத்துகளை வகுத்து முடித்தது 1443-இல். எளிய மக்கள் தம் மனத்தில் உள்ளதை எழுத இயலாமல் தவிப்பதற்கு இரங்கியே இதைச் செய்ததாக உருக்கத்துடன் கூறும் முன்னுரையோடு, 'ஹுன்மின்ஜொங்கும்' என்ற பெயரில் அவற்றை நாட்டுக்கு அறிவித்தது 1446-இல்.

இரு நிகழ்வுகளுக்கும் 'உருவாக்கினார்' என்ற ஒரே சொல்லை ஆள்வதே குழப்பத்துக்குக் காரணமாக இருக்கக்கூடும்.

ஐயம் எழும் இடத்தில், அந்த நூல் எந்த நாளைக் கொண்டாட்ட நாளாகச் சொல்கிறது என்று பாருங்கள். வடகொரியா ஜனவரி 15-இல் எழுத்தின் ஆக்கத்தையும், தென்கொரியா அக்டோபர் 9-இல் அதன் அறிவிப்பையும் நினைவுகூர்கின்றன. பிந்தைய தேதி, 1940-இல் கண்டெடுக்கப்பட்ட, இவ்வெழுத்துக்கான விளக்கநூலின் பின்னுரையில், சந்திர நாட்காட்டியின்படி 'ஒன்பதாம் மாதத்தின் முதல் பத்து நாட்கள்' என்றிருந்ததைக் கொண்டு கணிக்கப்பட்டது.

சில நூல்களில் 1444 என்றும் காணலாம். சந்திர நாட்காட்டியின்படி 1443-இன் பன்னிரண்டாம் மாதம் நம் ஜனவரிக்குள் நீள்வதால் அதுவும் பிழையன்று. ஆனால் செஜோங்கே 'ஹங்குல்' என்று பெயரிட்டதாக மட்டும் எழுதிவிடாதீர்கள். அப்பெயர் இருபதாம் நூற்றாண்டில்தான் வழக்குக்கு வந்தது.