இரண்டு சூரியனுக்கு ஒரே காலண்டர்: வாசகர் கேள்வி – பதில்

மாயாஜால உலகக் கதை எழுதும் வடசென்னை வாசகர்கள் பலர் ஒரே சந்தேகத்தை அனுப்பியிருக்கிறார்கள்: வானத்தில் இரண்டு சூரியன் இருந்தால் நாட்காட்டியை எப்படிப் போடுவது?

என் கதையில் இரண்டு சூரியன். வருஷக் கணக்கை எதை வைத்துப் போடுவது?
– கல்லூரி மாணவர், வியாசர்பாடி

உங்கள் கோள் எதைச் சுற்றுகிறது என்பதை முதலில் முடிவு பண்ணுங்கள். நெருக்கமாகச் சுழலும் இரு சூரியன்களையும் சேர்த்து வெளியிலிருந்து சுற்றலாம். 2011-இல் கண்டறியப்பட்ட கெப்ளர்-16பி அப்படித்தான்: சூரியன்கள் ஒன்றையொன்று 41 நாளில் சுற்றுகின்றன, கோளின் வருஷம் 229 நாள். அங்கே இரண்டும் வானில் சுமார் 20 பாகைக்கு மேல் விலகுவதில்லை. நம்மைப் போல 24 மணி நேர நாளாக இருந்தால், ஒன்று மறைந்து ஏறக்குறைய ஒன்றரை மணிக்குள் மற்றதும் மறைந்துவிடும். காதல் காட்சிக்கு அருமையான அந்தி. காலண்டருக்கு அதனால் பெரிய லாபம் இல்லை.

கோள் பெரிய சூரியனை மட்டும் சுற்ற, சின்னது வெகு தூரத்தில் சுற்றிவருவது இரண்டாவது வழி. சரக்கு இதில்தான் இருக்கிறது. வருஷமும் பருவமும் பெரிய சூரியனுடையவை. சின்னதுக்கு இரவை விட்டுவிடுங்கள்.

கெப்ளர்-16பி கணக்கையே எடுத்து, 41 நாளை ஒரு மாதமாக வைத்தேன். நண்பன் தப்பு என்கிறான்.
– வாசகர், பெரம்பூர்

நண்பர் சொல்வதுதான் சரி. அந்த 41 நாளில் கோளும் தன் பாதையில் நகர்ந்துவிடுகிறது. 41-இன் கீழ் 1-லிருந்து 229-இன் கீழ் 1-ஐக் கழித்தால் 50-இன் கீழ் 1 வரும். ஆகவே கோளில் நிற்பவருக்கு 50 நாளுக்கு ஒருமுறைதான் அதே காட்சி திரும்பும். நிலா 27.3 நாளில் பூமியைச் சுற்றினாலும் அமாவாசைக்கு அமாவாசை 29.5 நாள் ஆவது இதனால்தான்.

இரண்டாவது வகைக்கு எண்களோடு ஒரு மாதிரி காட்ட முடியுமா?
– ஆசிரியை, தண்டையார்பேட்டை

வருஷம் 300 நாள், நாளுக்கு 24 மணி என்று வைப்போம். சின்னச் சூரியன் பெரியதன் எடையில் பாதி. கோளுக்கும் பெரிய சூரியனுக்கும் உள்ள தூரத்தைப் போல 10 மடங்கு தள்ளி இருக்கட்டும். அது ஒரு சுற்றுச் சுற்ற ஏறத்தாழ 26 வருஷம் ஆகும், கணக்குக்கு வசதியாக 25 என்று வைப்போம். இதைக் கிட்டே இழுத்து 2, 3 வருஷத்தில் சுற்றவிடாதீர்கள், கோளின் பாதையே குலைந்துபோகும்.

இரண்டும் வானில் ஒன்றுசேரும் நாளைக் கூடல் என்போம். கூடலுக்குக் கூடல் 300 × 25 ÷ 24, அதாவது 312.5 நாள். இதை 25 படியாகப் பிரித்தால் படிக்கு 12.5 நாள். வருஷத்துக்கு 24 படி, கூடலுக்கு 25 படி என்று கச்சிதமாக உட்காரும். அரை நாள் தொல்லைக்கு 12, 13 என்று மாற்றி மாற்றிப் போடுங்கள். இரண்டு படி சேர்ந்தால் 25 நாள் மாதம், 12 மாதம்.

நம் திதி, சூரியனுக்கும் நிலாவுக்கும் உள்ள 12 பாகை இடைவெளி. இங்கே படிக்கு 14.4 பாகை. கூடலன்று 12 மணி நேரம் இருட்டு. ஒவ்வொரு படிக்கும் இருட்டில் ஏறக்குறைய 1 மணி நேரம் குறையும். பன்னிரண்டரையாவது படியில் இருட்டே கிடையாது. ‘மூணாம் படி முடிஞ்சுது’ என்று ஒரு பாத்திரம் சொன்னால், ராத்திரியில் 9 மணி நேரம் இருட்டு என்று கேட்பவருக்குப் புரிந்துவிடும். திருடனுக்கு இதைவிட என்ன வேண்டும்!

கூடல் வருஷத்துக்கு 12.5 நாள் தள்ளிப்போகும். முதல் வருஷம் வருஷப் பிறப்பன்று வந்தால், 24-ஆம் வருஷம் கடைசி மாத நடுவில் வரும். 25-ஆம் வருஷத்தில் கூடலே இருக்காது. பஞ்சாங்கக்காரர்கள் சண்டை போட்டுக்கொள்ள நல்ல இடம் அது. நாங்களாக இருந்தால் கதையையே அந்த வருஷத்தில்தான் தொடங்குவோம்.

இவ்வளவும் வட்டப் பாதைக்கு. நீள்வட்டமாக்கினால் படிகள் நீண்டும் குறுகியும் வரும். பூமி ஜனவரியில் சூரியனுக்கு அருகே வேகமாக ஓடுவதால் மார்கழி 29, 30 நாளில் முடிகிறது. ஆனி 31, 32 நாள் இழுக்கிறது.

சின்னச் சூரியன் எவ்வளவு வெளிச்சம் தரும்?
– வாசகி, ராயபுரம்

எடை பாதி என்றால் வெளிச்சமும் பாதி என்று பலர் எழுதிவிடுகிறார்கள். பாதி எடையுள்ள விண்மீனின் ஒளி சுமார் 25-இல் ஒரு பங்குதான். 10 மடங்கு தூரம் என்பதால் இன்னும் 100-இல் ஒரு பங்காகும். ஆக, பெரிய சூரியனில் 2,500-இல் ஒரு பங்கு. அதுவே முழுநிலவைப் போல 160 மடங்கு. செம்மஞ்சள் வெளிச்சத்தில் செய்தித்தாள் படிக்கலாம். ஆனால் கண்ணுக்கு வட்டமாகத் தெரியாது, கூசும் புள்ளிதான். வெயில் ஏறாது.

என் கதை மீனவர்கள் சின்னச் சூரியனைப் பார்த்துக் கடல் ஏற்றம் வற்றத்தைக் கணிக்கிறார்கள். சரியா?
– வாசகர், காசிமேடு

சரியில்லை. கடலை இழுக்கும் விசை தூரத்தின் மும்மடிக்கு ஏற்பக் குறையும். பெரிய சூரியன் இழுப்பதில் 2,000-இல் ஒரு பங்குதான் மிஞ்சும். அந்த வேலைக்கு ஒரு நிலாவை வையுங்கள். ஆனால் கூடலுக்குப் பின் சின்னது நாளுக்கு 4.6 நிமிடம் முந்தி உதிக்கும். விடியலுக்கு முன் படகெடுப்பவர்களுக்கு அந்த அரைச்சுற்று வெளிச்சக் காலம். மறு அரைச்சுற்றில் வெளிச்சம் முன்னிரவுக்கு மாறும். மீன் இனப்பெருக்கம் பருவத்தைப் பொறுத்தது. நம் கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடை இருப்பதுபோல ஒன்றை வைத்தால், பெரிய சூரியனின் தேதியில் வையுங்கள்.

கூடல்தோறும் கிரகணம் உண்டா?
– வாசகர், கொருக்குப்பேட்டை

இரு பாதைகளும் ஒரே தளத்தில் இருந்தால் உண்டு. சில பாகை சாய்ந்திருந்தால் சின்னது மேலேயோ கீழேயோ நழுவிவிடும்.

நாள்தாள் காலண்டர் மாதிரி அச்சடித்துக் கதையோடு சேர்க்க ஆசை. தாளில் என்னென்ன போடலாம்? ராகு காலம் எந்தச் சூரியனுக்கு?
– அச்சகத் தொழிலாளி, பழைய வண்ணாரப்பேட்டை

ராகு காலம் பகலை எட்டாகப் பிரித்து எடுப்பது. சின்னதையும் பகலில் சேர்த்தால் தினமும் நீளம் மாறி, ஒரே வாரத்தில் நீங்களே குழம்பிவிடுவீர்கள். பெரியது மட்டும் போதும்.

தாளில் தேதி, படி, சின்னதன் உதயம், இருட்டு நேரம் என நான்கு வரி. உதாரணமாக 3-ஆம் வருஷம், 4-ஆம் மாதம் 10. அந்த வருஷக் கூடல் முதல் மாத முடிவில். அதன்பின் 60 நாள். 60 × 4.6 = 276 நிமிடம். பெரியது காலை 6 மணிக்கு உதித்தால் சின்னது 1.24-க்கு. இருட்டு மாலை 6 முதல் 1.24 வரை. 60-ஐ 12.5-ஆல் வகுத்தால் 4.8, ஆகவே நடப்பது ஐந்தாம் படி. உதய நேரத்தைப் பெரிய எழுத்தில் போடுங்கள். அந்த ஊரில் முதலில் பார்ப்பது அதைத்தான்.