தக்காளி சல்லிசாகக் கிடைக்கிறதே, சால்சா போட்டு வைக்கலாமா?

கேள்வி: உழவர் சந்தையில் தக்காளி விலை இறங்கிக் கிடக்கிறது. பிள்ளைகள் சிப்ஸுக்குத் தொட்டுக்கொள்ள சால்சா கேட்கிறார்கள். கடையில் விற்கும் குட்டி பாட்டில் கட்டுப்படியாகவில்லை. வீட்டிலேயே செய்து பழைய ஹார்லிக்ஸ், ஜாம் பாட்டில்களில் அடைத்து ஆறு மாதம் வைக்க முடியுமா? ஆன்லைனில் காட்டும் மேசன் ஜார் (உணவை அடைத்து வைக்கும் கண்ணாடி ஜார்) வாங்கித்தான் ஆக வேண்டுமா?
— வாசகி, அஸ்தம்பட்டி, சேலம்

பதில்: ஒரு வாரத்துக்குள் தீர்ந்துவிடும் என்றால் ஜாம் பாட்டிலே போதும். ஃபிரிட்ஜில் வைத்துச் சாப்பிடுங்கள். ஃப்ரீசரில் இடம் இருந்தால் டப்பாக்களில் போட்டுச் சில மாதங்கள் வைக்கலாம். புதிதாகத் தொடங்குகிறவர்களுக்கு நான் சொல்வது இதைத்தான். அலமாரியில் மாதக்கணக்கில் நிற்க வேண்டும் என்றால் மட்டும் கீழே உள்ள செலவெல்லாம்.

சால்சாவைத் தக்காளித் தொக்கு மாதிரி நினைத்துவிடக் கூடாது. எண்ணெயில் சுண்டச் சுண்ட வதக்குகிற பண்டம் இல்லை அது, தண்ணீர்ப்பதம் நிறைய இருக்கும். புளிப்பைக் காட்டும் அளவு பி.எச்., எண் குறையக் குறையப் புளிப்பு கூடும். தக்காளியின் பி.எச். 4.6 என்ற எல்லையை ஒட்டியே இருக்கிறது. சில பழங்களில் அதைத் தாண்டியும் போகும். வெங்காயம், மிளகாய், பூண்டு மூன்றிலும் புளிப்பு குறைவு. காற்றுப் புகாத பாட்டிலுக்குள் பி.எச். 4.6க்கு மேல் போனால் பொட்டுலினம் என்ற கிருமி வளர்ந்து நஞ்சைக் கக்கும். அதன் வித்துகள் கொதிநீரில் சாகாது. பார்வைக்கும் வாசனைக்கும் சால்சா நன்றாகவே இருக்கலாம். அதனால் கூடுதல் புளிப்பு கட்டாயம், அதுவும் அளந்து.

சோதித்துப் பார்த்த ஓர் அளவு, அமெரிக்காவில் ஜார்ஜியா பல்கலைக்கழகத்தில் இயங்கும் வீட்டு உணவுப் பதப்படுத்தல் மையம் தருவது: தோலும் விதையும் நீக்கி நறுக்கிய தக்காளி 6 கப், வெங்காயமும் மிளகாயும் சேர்ந்து 9 கப், பாட்டிலில் விற்கும் எலுமிச்சைச் சாறு ஒன்றரை கப், உப்பு 3 டீஸ்பூன். கப் என்றால் 240 மில்லி. ஒன்பது கப்புக்குள் வெங்காயம் எவ்வளவு, குடைமிளகாய் எவ்வளவு, பச்சை மிளகாய் எவ்வளவு என்பது உங்கள் வீட்டு நாக்கைப் பொறுத்தது. மொத்தம் ஒன்பதைத் தாண்டக் கூடாது, சாறு குறையக் கூடாது. புளிப்பு தூக்கலாகத் தெரிந்தால் கொஞ்சம் சர்க்கரை போடுங்கள். கொத்தமல்லித் தழையைப் பாட்டிலைத் திறந்த பிறகு தூவிக்கொள்ளலாம்.

பணம் வீணாகிற இடம் அந்த எலுமிச்சைச் சாறுதான். ஸ்குவாஷ், கார்டியல் என்று எழுதியிருப்பதில் சர்க்கரையும் தண்ணீரும் கலந்திருக்கும், இதற்கு ஆகாது. புதுப் பழத்தைப் பிழிந்தால் புளிப்பு பழத்துக்குப் பழம் மாறும். பாட்டிலின் பின்பக்கம் சேர்மானத்தைப் படித்து, தண்ணீரோ சர்க்கரையோ சேராத சாறுதானா என்று பார்த்து வாங்குங்கள். அதற்குப் பதிலாக வினிகரை ஊற்றிவிடாதீர்கள். நம் கடைகளில் 4 சதவீத செயற்கை வினிகர் நிறைய விற்கிறது. வெளிநாட்டுக் குறிப்புகளோ 5 சதவீதத்தைக் கணக்கில் வைத்து எழுதியவை.

அடுத்தது ஜார். உங்கள் காசு முக்கியமாக மூடிக்குத்தான் போகிறது. ரப்பர் பூச்சுள்ள தட்டை மூடி ஒன்று, அதைப் பிடித்து நிறுத்தும் திருகு வளையம் ஒன்று என இரண்டு துண்டாக இருக்க வேண்டும். தட்டை மூடியை ஒரு தடவைதான் பயன்படுத்தலாம், வளையம் பல தடவை வரும். ஆகவே, தனி மூடி கிடைக்காத பிராண்ட் ஜாரை மலிவு என்று வாங்கினால் அடுத்த வருஷம் அதில் பருப்புதான் போட்டு வைக்க முடியும். மேசன் ஜார் என்ற பெயரில் கைப்பிடியும் ஸ்ட்ரா ஓட்டையும் வைத்த ஜூஸ் கிளாஸையும் விற்கிறார்கள், படத்தைப் பெரிதாக்கிப் பாருங்கள். பழைய ஜாம் பாட்டில் மூடி ஏற்கெனவே ஒரு முறை அழுந்தியது, மறுபடி பிடிக்கும் என்ற உத்தரவாதம் இல்லை. இறக்குமதி ஜார் என்றால் பெட்டியில் இறக்குமதியாளர் முகவரியும் எம்.ஆர்.பி.யும் இருக்க வேண்டும். உடைந்து வந்தால் பிரிக்கும்போதே படம் எடுத்து, ஆன்லைன் தளத்தின் குறைதீர் அலுவலருக்கு எழுதுங்கள். 48 மணி நேரத்தில் புகாரைப் பெற்றதாகச் சொல்லி, ஒரு மாதத்துக்குள் தீர்க்க வேண்டும் என்பது 2020 மின்வணிக விதி. மசியவில்லை என்றால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915 இருக்கிறது.

தக்காளியிலும் ஒரு வார்த்தை. சாயங்காலம் கழித்துக் கட்டும் அடிபட்ட, வெடித்த பழம் அன்றைய ரசத்துக்கு சரி, பாட்டிலுக்கு வேண்டாம். அழுகத் தொடங்கிய பழத்தில் புளிப்பும் இறங்கியிருக்கும்.

கேள்வி: ஏற்காட்டில் சிறிய தங்கும் விடுதி நடத்துகிறோம். பாட்டிலை எவ்வளவு நேரம் கொதிக்க வைப்பது? குக்கரில் நாலு விசில் விட்டால் வேலை சீக்கிரம் முடியுமே? விருந்தினருக்கு விற்கவும் யோசனை.
— வாசகர், ஏற்காடு

பதில்: மேலே சொன்ன கலவையைக் கொதிக்கவிட்டு, தீயைக் குறைத்து 3 நிமிடம் வைத்து, சூட்டோடு அரை லிட்டர் ஜாரில், மேலே அரை அங்குலம் இடம் விட்டு நிரப்ப வேண்டும். மூடிக்கு மேல் ஓர் அங்குலம் தண்ணீர் நிற்கும்படி ஆழமான பாத்திரத்தில் இறக்குங்கள். அடியில் ஒரு கம்பித் தட்டு. தண்ணீர் தளதளவென்று கொதித்த பிறகுதான் நேரக் கணக்கு தொடங்கும். சேலம் டவுன் ஏறக்குறைய 280 மீட்டர் உயரம், அங்கே 15 நிமிடம். உங்கள் ஊர் 1,500 மீட்டர். தண்ணீர் 95 டிகிரி வாக்கிலேயே கொதித்துவிடும், அதனால் 20 நிமிடம். மலையேறினால் பருப்பு வேகத் தாமதமாவது உங்களுக்குத் தெரியாததில்லை.

விசில் கணக்கு வேண்டாம். வீட்டுக் குக்கர் சீக்கிரம் சூடேறிச் சீக்கிரம் ஆறுகிறது. அதற்கென்று சோதித்த நேர அளவு இல்லை. பாத்திரம் இல்லாவிட்டால் பெரிய குக்கரையே மூடி போடாமல் கொதிநீர்ப் பாத்திரமாக வைத்துக்கொள்ளலாம். சால்சா காய்ச்சும் பாத்திரம் மட்டும் அலுமினியமாக இருக்கக் கூடாது. உருக்காலை மாவட்டத்தில் எவர்சில்வருக்கா பஞ்சம்!

12 முதல் 24 மணி நேரம் அசைக்காமல் ஆறவிட்டு, மூடியின் நடுவில் அழுத்துங்கள். ‘டொக்’ என்று மேலெழும்பினால் பிடிக்கவில்லை, அதை ஃபிரிட்ஜுக்கு மாற்றி முதலில் தீர்த்துவிடுங்கள்.

விற்பதற்கு எஃப்.எஸ்.எஸ்.ஏ.ஐ. (மத்திய உணவுப் பாதுகாப்பு ஆணையம்) பதிவு வேண்டும், சிறு அளவாக இருந்தாலும். என்னைக் கேட்டால், விருந்தினருக்கு அன்றன்று புதிதாகச் செய்து தட்டில் வையுங்கள்.

கேள்வி: ஊறுகாய்க்குச் செய்வது போல மேலே நல்லெண்ணெய் ஊற்றினால் கெடாதுதானே? சோடியம் பென்சோயேட் கொஞ்சம்?
— வாசகி, அம்மாப்பேட்டை

பதில்: ஊறுகாயைக் காப்பாற்றுவதில் பெரும்பங்கு உப்புக்கும் புளிப்புக்கும்தான். சால்சாவில் அந்த அளவு உப்பு இல்லை. எண்ணெய் காற்றை மறைக்கும், பொட்டுலினத்துக்குப் பிடித்த சூழலே அதுதான். பென்சோயேட் பூஞ்சையையும் ஈஸ்ட்டையும் தடுக்கும். எலுமிச்சைச் சாற்றுக்கும் கொதிக்க வைக்கும் நேரத்துக்கும் அது ஈடாகாது. இரண்டும் வேண்டாம். நல்லெண்ணெய் ஊற்ற ஆசையாக இருந்தால் தொக்கே போடுங்கள், அதையும் ஃபிரிட்ஜில் வையுங்கள். தட்டுவடை செட்டுக்கு அதுதான் இன்னும் பொருத்தம்.