கொன்றவர்களே நடித்த படம்: இந்தோனேசியா பற்றிய கேள்வி பதில்

கேள்வி: 1965-ல் கம்யூனிஸ்டுகள் என்று சொல்லி மக்களைக் கொன்று குவித்தவர்களே அதை நடித்துக்காட்டும் 'தி ஆக்ட் ஆஃப் கில்லிங்' ஆவணப்படம் எனக்குத் தூக்கத்தைக் கெடுத்துவிட்டது. இந்தோனேசியர்கள் எப்படித் தாங்கினார்கள், அண்ணா?

பதில்: கொலை நடந்தது அவர்களுக்குப் புதுச் செய்தியில்லை. மேதான் நகரில் கொன்றவர்கள் நெஞ்சை நிமிர்த்தித்தான் திரிந்தார்கள். ஆனால் அவர்கள் மனதில் ஏற்கெனவே இன்னொரு படம் பதிந்திருந்தது. 1984-ல் அரசே எடுத்த, நாலரை மணி நேரப் படம். 1965 செப்டம்பர் 30 இரவில் கம்யூனிஸ்டுகள் ராணுவத் தளபதிகளைச் சித்திரவதை செய்து கொல்வதாகக் கதை. அதன்பின் ஆட்சியைப் பிடித்த ராணுவத் தளபதி சுகார்த்தோ 1998-ல் பதவி இழக்கும்வரை வருடா வருடம் செப்டம்பர் 30 அன்று தொலைக்காட்சியில் அதுதான். பள்ளிப் பிள்ளைகளும் பார்த்தாக வேண்டும். கண்ணைப் பிடுங்கினார்கள், உறுப்பை அறுத்தார்கள் என்று 1965-ல் பத்திரிகைகள் எழுதின. சுகார்த்தோவே உத்தரவிட்ட பிரேதப் பரிசோதனையில் அதற்குத் தடயமே இல்லை. அந்த அறிக்கையை 1987-ல் ஆய்வாளர் பெனடிக்ட் ஆண்டர்சன் வெளியிட்டார். அப்படி வளர்ந்தவர் முன்னால், கொன்றவரே வந்து கம்பியால் கழுத்தை இறுக்கிய விதத்தைச் சிரித்தபடி காட்டினால்? சிறுவயதுப் பயமே தலைகீழாகிவிடும்.

கேள்வி: லிங்க்?

பதில்: தேடுங்கள். 2013-ல் இந்தோனேசியாவுக்குள் இலவசமாகவே இறக்கிக்கொள்ள விட்டார்கள்.

கேள்வி: தடை செய்த படம்தானே, சார்?

பதில்: 'தடை' என்று பொத்தாம்பொதுவாகச் சொல்லாதீர்கள், எத்தனை முறை சொல்வது! 'தி ஆக்ட் ஆஃப் கில்லிங்' தணிக்கைக்கே போகவில்லை. தனித் திரையிடல்களில்தான் ஓடியது. உள்ளூர்க் கலைஞர்கள் பலர் 'பெயரிலி' என்றே பட்டியலில் நின்றார்கள். அதே இயக்குநரின் அடுத்த படமான 'செஞாப்' ('தி லுக் ஆஃப் சைலன்ஸ்') 2014 நவம்பரில் ஜகார்த்தாவில் மனித உரிமை ஆணையத்தின் ஆதரவோடு திரையிடப்பட்டது. டிசம்பரில் தணிக்கைக் குழு பொதுத் திரையிடலை மறுத்தது.

கேள்வி: 'தி ஆக்ட் ஆஃப் கில்லிங்'கில் வரும் கொலைகாரன் அன்வர் கொங்கோவுக்கு மேடை போட்டதுதான் மிச்சம்.

பதில்: சரி, இந்தக் கோபம் நியாயம். இந்தப் படத்தில் கொல்லப்பட்டவர் பக்கத்துக் குரல் குறைவுதான். ஆனால் அந்த ஆள் யார்? சினிமா வாசலில் பிளாக் டிக்கெட் விற்றவர். அமெரிக்கப் படங்களை இடதுசாரிகள் எதிர்த்ததில் வருமானம் போயிற்று என்ற ஆத்திரம் வேறு. கொலையையும் ரவுடிப் படம் போலவே நடித்துக்காட்டுகிறார். மேடை கிடைத்ததால்தான் அம்பலமானார். விட்டுப்போனதை 'செஞாப்' சொல்கிறது: அண்ணனைப் பறிகொடுத்த கண்ணாடிக்காரர், கொன்றவரின் கண்ணைச் சோதித்துக்கொண்டே கேள்வி கேட்கிறார்.

கேள்வி: ஆறு தளபதிகளைக் கொன்றவர்களை விட்டுவிட்டீர்களே, தோழர்?

பதில்: விடவில்லை, ஒரு லெப்டினன்டையும் சேர்த்து ஏழு பேர். அதற்குப் பதிலாகக் குறைந்தது ஐந்து லட்சம் பேர். பெரும்பாலோருக்கு அந்த இரவோடு எந்தச் சம்பந்தமும் இல்லை.

கேள்வி: அரசு மன்னிப்புக் கேட்டதா?

பதில்: 2023 ஜனவரியில் அப்போதைய அதிபர் ஜோகோ விடோடோ வருத்தம் தெரிவித்தார். மன்னிப்பு கேட்கவில்லை.

கேள்வி: அண்ணா, லிங்க் ப்ளீஸ்.

பதில்: மேலே படியுங்கள்.