இரண்டாம் உலகப் போரில் பயணிகள் கப்பல்களைப் போருக்கு எப்படிப் பயன்படுத்தினார்கள்? நம்மவர்கள் பயணம் செய்த கப்பல் ஏதாவது அப்படிப் போனதா?

போனது. அதன் பெயர் ரோனா. இந்தக் கேள்வியை இரண்டு நாளாகத் திறந்து திறந்து மூடினேன். இதைப் பற்றி எழுத எனக்கு வீட்டுக் காரணம் ஒன்று உண்டு.

கேட்டவர் வீட்டிலும் மலாயா போன தாத்தாவோ பாட்டியோ இருந்திருப்பார்கள் என்று நினைக்கிறேன். இல்லாவிட்டால் 'நம்மவர்கள்' என்று கேட்டிருக்க மாட்டீர்கள்.

எங்கள் தாத்தா 1936-இல் நாகப்பட்டினத்தில் கப்பல் ஏறி பினாங்கு போனார். ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டும் வேலை. திரும்பியது 1949-இல். எங்கள் பக்கத்தில் மலாயாக் கப்பல் என்றாலே ரஜுலாதான். சென்னை, நாகப்பட்டினம், பினாங்கு, சிங்கப்பூர் என்று 1926-இலிருந்து எழுபதுகள் வரை ஓடிய கப்பல் அது. தாத்தா மட்டும், "போனது ரோனா, வந்தது ரஜுலா" என்பார். மாமா உடனே திருத்துவார்: "ரோனாவும் இல்லை, கீனாவும் இல்லை. ரஜுலாதான். உங்களுக்கு மறந்துபோச்சு." பத்து வயதில் நானும் ஒரு பொங்கலன்று எல்லார் முன்னாலும் அவரைத் திருத்தினேன். அவர் மறுபடி ஒன்றும் சொல்லவில்லை. அதற்கப்புறம் கப்பல் கதையை அவர் வாயிலிருந்து நான் கேட்டதே இல்லை.

அவர் இறந்துபோய்ப் பல வருஷம் கழித்து, ரஜுலாவைப் பற்றி எதையோ தேடப்போய் அந்த வரியைப் படித்தேன்: ரஜுலாவோடு பிறந்த கப்பல், ரோனா. பிரிட்டிஷ் இந்தியா என்ற கப்பல் கம்பெனி இரண்டையும் 1926-இல் ஒரே வழித்தடத்துக்காகக் கட்டியிருக்கிறது. ரஜுலா கிளாஸ்கோவில், ரோனா இங்கிலாந்தின் டைன் ஆற்றங்கரையில். தாத்தா சொன்னது அத்தனையும் சரி. அன்று ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை.

இனி உங்கள் கேள்விக்கு வருகிறேன். பயணிகள் கப்பலைப் போருக்கு மாற்றுவதில் பல வகை உண்டு. சில கப்பல்களில் பீரங்கி பூட்டிச் சண்டைக்கே அனுப்பினார்கள். ராவல்பிண்டி என்ற பயணிகள் கப்பலுக்கு எட்டுப் பழைய பீரங்கிகளைக் கொடுத்து வட அட்லாண்டிக்கில் காவலுக்கு நிறுத்தினார்கள். 1939 நவம்பர் 23 அன்று இரண்டு பெரிய ஜெர்மன் போர்க்கப்பல்கள் அதை எதிர்கொண்டு மூழ்கடித்தன. 238 பேர் இறந்தார்கள். ரோனா இன்னொரு வகை, துருப்புக் கப்பல். இந்த வேலைக்கு அதைப் பெரிதாக மாற்ற வேண்டிய அவசியமே இல்லை. நம் ஆட்களை டெக் பயணிகளாக ஆயிரக்கணக்கில் ஏற்றத்தான் அதைக் கட்டினார்கள். அவர்களுக்கு அறை, கட்டில் என்று ஒன்றும் கிடையாது, விரிந்து கிடக்கும் தளங்கள்தான். பாய் விரித்த இடத்தில் சிப்பாய்கள். கூடவே சில விமான எதிர்ப்புத் துப்பாக்கிகள், அவற்றை இயக்க ஆட்கள்.

1943 நவம்பரில் அல்ஜீரியாவின் ஓரான் துறைமுகத்தில் கிட்டத்தட்ட 2,000 அமெரிக்க வீரர்கள் அதில் ஏறினார்கள். சூயஸ் வழியாக அவர்கள் போக வேண்டிய இடம் இந்தியா. விமானத்தளம் கட்டும் பொறியாளர் படையும் அதில் இருந்தது. 26-ஆம் தேதி மாலை ஹெய்ங்கல் என்ற ஜெர்மன் விமானம் ஒன்று ரேடியோவால் வழிநடத்தும் குண்டை ஏவியது. விமானத்தில் இருந்தபடியே திருப்பித் திருப்பி இலக்குக்குக் கொண்டுவரும் குண்டு, அந்தக் காலத்துக்குப் புத்தம் புதியது. கப்பலின் இடப் பக்கத்தைத் துளைத்து உள்ளே போய் வெடித்தது. இயந்திர அறையும் சிப்பாய்கள் இருந்த தளமும் சிதைந்தன. இருட்டும் நேரம், கடலில் பெரிய அலை. மிதப்பதற்காக வீரர்கள் இடுப்பில் கட்டியிருந்த காற்றுப் பட்டை பலரைத் தலைகீழாகக் கவிழ்த்துவிட்டது. கடலில் கண்ணிவெடி அகற்றும் பயனியர் என்ற அமெரிக்கக் கப்பல் மட்டும் 606 பேரைத் தூக்கிக் காப்பாற்றியது. இறந்தவர்கள் 1,100-க்கும் மேல். அதில் 1,015 பேர் அமெரிக்க வீரர்கள். எதிரித் தாக்குதலில் அமெரிக்கப் படை கடலில் இழந்த மிகப் பெரிய எண்ணிக்கை இதுதான். புது ஆயுதம் என்பதால் விவரத்தைப் பல ஆண்டுகள் வெளியே விடவில்லை. எப்படிச் செத்தான் என்று தெரியாமலே எத்தனையோ தாய்மார்கள் கண்ணை மூடியிருப்பார்கள்.

எனக்கு வலிக்கிற இடம் இதற்கடுத்தது. பிழைத்தவர்கள் சொன்ன பல கதைகளில் இந்திய மாலுமிகள்மேல் ஒரு பழி இருக்கிறது. எங்களை விட்டுவிட்டு முதலில் படகில் ஏறியவர்கள் அவர்கள்தான் என்று. அந்த வீரர்களை நான் குறை சொல்லவில்லை, அவர்கள் பட்ட பாடு நமக்குத் தெரியாது. சிலர் அப்படி ஓடியும் இருக்கலாம். ஆனால் 195 மாலுமிகளில் நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் அன்று செத்தார்கள், பாதிக்கும் மேல். தப்பியோடிய கூட்டத்தில் பாதிக்கு மேல் எப்படிச் சாகும்? படகு இறக்கும் கொக்கிகள் துருவேறி, பெயின்ட் ஒட்டிக் கிடந்ததாக அதே பிழைத்தவர்களே சொல்லியிருக்கிறார்கள். அதற்கு அடுப்பில் கரி அள்ளிப் போட்டவனா பொறுப்பு?

"அவர்கள் தமிழர்களா, உனக்கு என்ன?" என்று யாராவது கீழே வந்து கேட்பீர்கள். பிரிட்டிஷ் கம்பெனிகளின் கலாசிகள், அதாவது கப்பலில் வேலை செய்த இந்திய மாலுமிகள், பெரும்பாலும் வங்காளம், கொங்கணம், கோவா பக்கத்தவர்கள். நான் உரிமை கொண்டாட வரவில்லை. நாகப்பட்டினத்தில் கப்பல் கரைக்கு வராது, நடுக்கடலில் நிற்கும். படகில் போய்த்தான் ஏற வேண்டும். படகு அலையில் ஏறி இறங்கும்போது ஏணிக்குத் தாவத் தெரியாமல் தாத்தா நின்றபோது, மேலிருந்த ஒரு கலாசி இறங்கிவந்து அவர் மணிக்கட்டைப் பிடித்து இழுத்தாராம். பாஷை புரியவில்லையாம். இடது மணிக்கட்டைத் தொட்டுக் காட்டித்தான் எப்போதும் அதைச் சொல்வார். அந்த ஆள் 1943-இல் எங்கே இருந்தாரோ.

தாத்தா கப்பல் ஏறிய தேதியைத் தேடி ஒரு ஆவண அலுவலகத்துக்கு மூன்று முறை அலைந்தேன். முதல் முறை கடிதம் கொண்டு வா என்றார்கள். இரண்டாவது முறை அந்தக் கடிதம் சரியில்லை. மூன்றாவது முறை பார்க்க வேண்டியவர் விடுப்பில். ஒவ்வொரு தாளுக்கும் சான்று கேட்கிறார்கள். கேள்விக்குச் சம்பந்தமில்லைதான், மன்னிக்கவும். நம் ஊர் மனிதனின் பெயரை நம் ஊரிலேயே பார்க்க முடியாதது எனக்கு ஆறவில்லை.

ரஜுலாவும் போரில் துருப்புகளை ஏற்றியது. அது தப்பித்து, மறுபடி பழைய வழித்தடத்துக்கே வந்து, 1974-இல் பம்பாயில் உடைபட்டது. அதனால்தான் எல்லாருக்கும் அந்தப் பெயர் மட்டும் நினைவிருக்கிறது.

உங்கள் வீட்டிலும் 1940-க்கு முன் போனவர்கள் இருந்தால், பழைய தகரப் பெட்டி ஏதாவது கிடந்தால், எந்தக் கப்பல் என்று பாருங்கள். ரோனா என்று இருந்தால் தயவுசெய்து எனக்கு ஒரு வரி எழுதுங்கள்.