மாமாவின் நன்றிக்கடனும் மகனின் இடமும்

கேள்வி: கோத்தகிரியில் ஒரு நாளிதழின் பகுதிநேர நிருபராக இருக்கிறேன். தடகளப் பயிற்சியாளரான என் தாய்மாமா, உதகையில் நடந்த மாவட்டப் போட்டியில் 14 வயதுக்குட்பட்டோர் பிரிவில் வென்ற மாணவனுக்கு, வயதைக் குறைத்துப் புதிய பிறப்புச் சான்றிதழ் வாங்கியிருப்பது தெரியவந்தது. அப்பா இறந்தபின் என்னைப் படிக்க வைத்தவர் அவர்தான். இந்த ஆண்டு என் மகனையும் தொடர் ஓட்ட அணியில் சேர்த்திருக்கிறார். செய்தியை எழுதுவதா, செய்ந்நன்றி கருதி விட்டுவிடுவதா?

பதில்: நன்றிக்கும் கடமைக்கும் நடுவே தவிப்பதாகச் சொல்லும் கடிதங்கள் எனக்கு நிறைய வருகின்றன. உங்கள் கடிதத்தில் என்னை நிறுத்தியது, வீட்டு விசேஷம் சொல்வதைப்போல நீங்கள் சொல்லிக் கடந்துவிட்ட மகனைப் பற்றிய வரிதான். அவன் அணியில் சேர்ந்தது நீங்கள் விசாரிக்கத் தொடங்குவதற்கு முன்பா, பின்பா? தேர்வு ஓட்டத்தில் அவனை முந்திய எவனாவது வெளியே நிற்கிறானா? நிருபருக்கு முதலில் தோன்ற வேண்டிய இந்தக் கேள்விகளைத் தகப்பனாக இருந்து விழுங்கிவிட்டீர்கள்.

ஆகவே இந்தச் செய்தியை நீங்கள் எழுதக் கூடாது. உறவையும் மகனின் இடத்தையும் மறைக்காமல் ஆசிரியரிடம் சொல்லி, வேறொரு நிருபரிடம் ஒப்படையுங்கள். அதற்குமுன் ஆவணங்களின் நகலை எடுத்து வையுங்கள். மாணவன் முதன்முதலில் சேர்ந்த பள்ளியின் சேர்க்கைப் பதிவேட்டில் உள்ள பிறந்த தேதியையும், புதிய சான்றிதழில் பதிவு செய்த நாளையும் ஒப்பிட்டுப் பாருங்கள்; பிறந்து ஓராண்டு கடந்தபின் செய்த பதிவென்றால் அதற்கு அதிகாரியின் உத்தரவு இருந்தாக வேண்டும். மணிக்கட்டு எக்ஸ்ரேயை மட்டும் நம்பாதீர்கள், எலும்பு காட்டும் வயது தோராயமானது. மாணவனின் பெயரும் படமும் வரவே கூடாது. பெரியவர்கள் செய்த பொய்க்குப் பிள்ளையைச் சந்தியில் நிறுத்துவது பத்திரிகை தர்மம் ஆகாது.

ரஷ்யாவின் ஊக்கமருந்து மோசடியை 2014 டிசம்பரில் ஜெர்மானியத் தொலைக்காட்சியில் பத்திரிகையாளர் ஹாயோ செப்பெல்ட் வெளிக்கொண்டு வந்தபோது, அதற்குச் சாட்சி சொன்னவர்கள் ஒரு தம்பதி. விட்டாலி ஸ்டெபனோவ் ஊக்கமருந்துத் தடுப்பு அமைப்பில் வேலை பார்த்தவர். மனைவி யூலியா 800 மீட்டர் ஓட்டக்காரர். தானும் மருந்து எடுத்துக்கொண்டதை மறைக்காமல்தான் யூலியா மற்றவர்களைப் பற்றிப் பேசினார். 2015 நவம்பரில் ரஷ்யத் தடகளச் சம்மேளனம் இடைநீக்கம் செய்யப்பட்டது. அந்தத் தம்பதி தாய்நாட்டையே விட்டு வெளியேற வேண்டியதாயிற்று. உங்களிடம் கேட்கப்படுவது தொடர் ஓட்டத்தில் ஓர் இடம்.

மாமா உங்கள் படிப்புக்குக் கட்டியது அவருடைய சொந்தப் பணம். அந்த நன்றிக்கு, அவர் தள்ளாத வயதில் சோறும் மருந்தும் பார்ப்பது உங்கள் பொறுப்பு. அதில் குறை வைத்தால் நானே உங்களைக் கண்டிப்பேன். ஆனால் இரண்டாவதாக வந்த பையனின் பதக்கம் மாமாவுடையதும் அல்ல, உங்களுடையதும் அல்ல. அதை எடுத்து உங்கள் கடனை அடைக்க எவருக்கும் உரிமையில்லை. மாவட்டத்தில் வென்றவன்தான் மேலே போகிறான், அங்கே வாங்கும் சான்றிதழ்தான் விளையாட்டு ஒதுக்கீட்டில் கல்லூரி இடமாகவும் வேலையாகவும் மாறுகிறது என்பதை, தேயிலை பறித்துப் பிள்ளையை ஓட அனுப்பும் தாய்மார்கள் உங்களைவிட நன்றாக அறிவார்கள்.

நகல்கள் கைக்கு வந்ததும், ஆசிரியரைப் பார்க்கும் முன், மாமா வீட்டுக்கு நேரில் போங்கள். கண்டதைச் சொல்லி, அவருடைய விளக்கத்தையும் கேட்டு நிருபர் வருவார் என்று தெரிவியுங்கள். அத்தை அழுவார், உங்கள் அம்மா சில மாதம் உங்களோடு பேசாமல் இருப்பார், பொறுத்துக்கொள்ளுங்கள். மகனிடம் காரணத்தை நீங்களே சொல்லி அவனை அணியிலிருந்து விலக்குங்கள். வேறொரு பயிற்சியாளர் நடத்தும் தேர்வில் அவன் மறுபடியும் ஓடட்டும்.